தொரசானிக்கு ரெண்டு இட்டிலி

உட்காருங்க அம்மிணி. அதென்னங்க அந்தக் கோடிக்குப் போறீங்க, இத்தனை எடம் கெடக்குதே. சரி, நீங்க நகர வேண்டாம், நானே இக்கட்டால வந்துக்கறேன். ஆங், இப்பப் பேசறதுக்குத் தோதா இருக்குது.

வண்டி இப்போதைக்கு வராதுங்க. போர்ட்டரைக் கேட்டாச்சு. ஈரோடு சங்சன்ல நான் உட்கார்ந்தா என்னைக்கு வண்டி நேரத்துக்கு வந்திருக்குது. நீங்க பொஸ்தகம் படிங்க, எனக்காக மூட வேண்டாம். ஒருத்தரைத் தொந்தரவு பண்ற பழக்கமே எனக்குக் கெடையாது. ஒண்ணே ஒண்ணு மட்டும் கேட்டுக்கறேன். சாப்ட்டீங்களா?

இந்தாங்க. ரெண்டே ரெண்டு இட்டிலி, பொடி தடவி எலையில மடிச்சது. புடிங்க, சும்மா புடிங்க. அப்பறமா சாப்பிடறீங்களா? சரி, வெச்சுக்குங்க, கெட்டுப் போகாது. பக்கத்துல ஒரு ஆளு வெறும் வாயோட உட்கார்ந்திருந்தா எனக்குத் தொண்டைல ஒரு வாய் எறங்காதுங்க. இந்தப் பழக்கம் என்ன பண்ணுச்சு தெரியுங்களா? சீமைல ஒரு தொரசானியோட உசிரையே காப்பாத்துச்சு. சிரிக்காதீங்க, நெசமாத்தான். இந்தப் பொட்டியோட மூடியைப் பாருங்க, பெயிண்ட்ல எழுதியிருக்குது. கே. சென்னியப்பன், லீட்ஸ். அது எங்க ஊட்டுக்காரர் பேரு. நான் வாயால சொல்றதில்லை, பொட்டியைக் காட்டிருவேன்.

அந்தக் காலத்துல அவர் கோயமுத்தூர்ல மில்லு வேலை. நூலு நூக்கற மிசினைப் பத்திப் படிச்சுட்டு வான்னு மொதலாளி அவரை லீட்சுக்கு அனுப்பிச்சாங்க. அதுவும் நம்ம கோயமுத்தூர் மாதிரி மில்லு ஊருதான், ஆனா வெய்யிலே கெடையாது. கல்யாணமான சூட்டோட அவர் போய்ட்டார், பின்னாலயே நான் கப்பலேறிப் போனேன். அந்தச் சீமை ராணியம்மாவுக்கு மகுடம் வெச்ச வருசம். ஊரெல்லாம் தோரணங் கட்டிக் கெடந்துச்சு. நான் என்னமோ எனக்குத்தான் கட்டியிருக்காங்கன்னு நெனைச்சுக்கிட்டே போய் எறங்கினேன்.

மச்சு மேல ஒத்தை ரூம்பு. காத்தால அவர் போனா பொழுதோடதான் வருவார். நான் செவுத்துக்கிட்டப் பேசறதா, சன்னலுக்கிட்டப் பேசறதா? எங்க ஊட்டுல இருந்தப்ப நான் தண்ணி எடுக்கப் போனா ஊருக் கதை முழுக்கத் தெரிஞ்சுக்கிட்டுத்தான் வருவேன். அங்க பக்கத்து ஊட்டுக் கதவு தெறந்து நான் பார்த்ததே இல்லை. தெனமும் அழுகை. ராத்திரி சோத்தைப் போட்டுப்போட்டு அவர் முன்னால உட்கார்ந்து அழுவேன்.

அவரும் எத்தனை நாளைக்குத்தான் பார்ப்பார். ஒரு நாள் சொல்லிப்போட்டார். பொரட்டாசில கரூர்க்காரங்க ஒரு குடும்பம் ஊருக்குக் கப்பலேறுது, அவங்களோட உன்னை அனுப்பிப்போடறேன்னு. டிக்கெட்டும் எடுத்துக்கிட்டு வந்துட்டார். எனக்குப் பகீர்னு ஆயிருச்சு. கல்யாணமாகி வருசம் திரும்பலை. தனியாப் போய் எறங்கினா ஊர்ல என்ன பேசுவாங்க? அதுகூடப் பரவால்லைங்க. அவரை வுட்டுப்போட்டு இருக்கறதுக்கு எனக்கு மனசில்லை. இதை நான் அவருகிட்டச் சொன்னதே இல்லை. உங்ககிட்டச் சொல்றேன்.

நான் போகமாட்டேன்னு அடம் புடிச்சேன். அப்பத்தான் அவர் ஒரு வார்த்தை சொன்னார். அது இன்னிக்கும் காதுலயே நிக்குது.

"இந்த ஊர்ல ஒரே ஒரு ஆளைச் சம்பாரிச்சுக் காட்டு மயிலா. ஒரு நாள் நீ வரலைன்னா, எங்கடா காணோம்னு உன்னைத் தேடற மாதிரி ஒரு ஆளு. நான் டிக்கெட்டைத் திருப்பிக் குடுத்துப்போடறேன்."

அவ்வளவுதானா, இதென்ன பெரிய காரியம்னு நெனைச்சேன். நமக்குப் பேசறதுக்குச் சொல்லியா குடுக்கணும்?

ரெண்டு வீதி தாண்டி ஒரு பார்க்கு. பார்க்குன்னா நம்மூரு மாதிரி நாலு செடி வெச்சுக் கம்பி வேலி போட்டதில்லீங்க. ஒரு ஊரே உள்ள குடியிருக்கலாம், அத்தனை பெருசு. நடுவால ஒரு கொளம், அதுல படகு, வாத்து. ஒரு பக்கம் பேண்டு வாசிக்கறதுக்கு மண்டபம். அந்தச் சனங்களுக்கு வெய்யிலு கண்டா என்னமோ ஆயிருமுங்க. மேகம் சித்தெ வெலகினாப் போதும், எங்கிருந்துதான் வருவாங்களோ, அத்தனை பேரும் வந்து வடாம் காயப்போட்ட மாதிரி புல்லுல படுத்துக்குவாங்க. கெழவனுங்க கைக்குட்டைக்கு நாலு மூலைலயும் முடிச்சுப் போட்டு வழுக்கைல கவுத்துக்கிட்டுத் துணி நாற்காலில தூங்குவாங்க. கோட்டுப் போட்டவங்க அப்படியே கோட்டோட, கால்சட்டையை மட்டும் மொழங்காலுக்குச் சுருட்டிக்கிட்டு. இதுல, புல்லை மிதிக்காதீங்கன்னு அங்கங்க பலகை வேற. எந்தப் புல்லு மிதிக்கற புல்லு, எந்தப் புல்லு மிதிக்காத புல்லுன்னு அவங்களுக்கே தெரியும். அதைப் பார்த்துக்க ஒருத்தர், தவுட்டுக் கலர்ல உடுப்புப் போட்டு, தொப்பி வெச்சு, ஊதலு ஒண்ணு வாயில வெச்சுக்கிட்டுச் சுத்துவார். நான் அவருக்குப் பார்க்கு மணியகாரர்னு பேரு வெச்சிருந்தேன்.

எல்லாம் சரி, ஆனா ஒருத்தர் வாயிலயும் பேச்சே வராது. பெஞ்சுக்கு ஒருத்தராத்தான் உட்காருவாங்க. கொளத்தோரத்து பெஞ்சுல ஒரு அம்மா உட்கார்ந்திருந்தாங்க. அம்பத்தஞ்சு அறுவது இருக்கும். தொப்பி, கையொறை, மடியில கைப்பை. ஒடம்பு இருக்குதே, கழுத்தெலும்பு தனியாத் தெரியுது. சரி, இவங்கதான் எம்பட ஆளுன்னு முடிவு பண்ணிப்போட்டேன்.

போய்ப் பக்கத்துல உட்கார்ந்தேன். உட்கார்ந்தனா, அந்தம்மா சித்தெ நகர்ந்தாங்க. அடடா, நமக்கு எடம் வுடறாங்க பாரு, என்ன மரியாதைன்னு நானும் நகர்ந்து கிட்ட உட்கார்ந்தேன். மறுபடியும் நகர்ந்தாங்க. நானும் நகர்ந்தேன். அப்படியே போய்க் கடைசில கைப்புடிக்கு வந்து நின்னுட்டாங்க. பெஞ்சுல முக்காவாசி எடம் எங்களுக்குப் பின்னால சும்மாவே கெடக்குது. அன்னிக்கே எனக்குத் தெரிஞ்சு போச்சுங்க, இவங்க மத்தவங்க மாதிரி இல்லை, நல்ல பழகற மனுசின்னு.

"லவ்லி டே"ன்னாங்க. தூறல் போட்டுக்கிட்டு இருந்துச்சு. நானும் "லவ்லி டே"ன்னேன். அப்பறம் நான் கேக்க வேண்டியதெல்லாம் கேட்டேன். எட்டாவது வரைக்கும் படிச்ச இங்கிலீசு, அதுக்கு என்ன கொறைச்சல். எத்தனை கொழந்தைங்க, ஊட்டுக்காரர் என்ன பண்றார், சொந்த ஊடா வாடகை ஊடா, ஏன் இப்படி எளைச்சுப் போய்ட்டீங்க. ஒவ்வொண்ணுக்கும் கொளத்தைப் பார்த்துக்கிட்டே பூவு நல்லாப் பூத்திருக்குது, காத்து அடிக்குதுன்னு பதில் சொன்னாங்க. காது கொஞ்சம் மந்தம் போலன்னு நான் சத்தமாக் கேட்டேன். படகுல போனவங்கெல்லாம் திரும்பிப் பார்த்தாங்க.

அவங்க ஏன் எளைச்சிருக்காங்கன்னு எனக்கே தெரிஞ்சு போச்சுங்க. செர்மனிக்காரனோட சண்டை முடிஞ்சு எத்தனையோ வருசம் ஆயும் அப்ப அங்க கறிக்கும் வெண்ணெய்க்கும் கூப்பன்தான். வெள்ளைக்காரங்க நாட்டுல பஞ்சம்னா நம்ம சனங்க நம்புவாங்களா? நான் கண்ணால பார்த்தேன். ஒரு பொம்பளை, அளந்து குடுக்கற ரேசனுல என்னத்தைத் தின்னு உசிரு வாழும்? அவங்க பசியாத்தான் இருக்காங்க, சொல்லத்தான் வெக்கம்.

மறுநாளே இட்டிலி கொண்டு போனேன். அந்தக் குளிருக்கு மாவு எங்க புளிக்கும். ரவையில தயிரு வுட்டு, சோடா உப்புப் போட்டுச் செஞ்சது. பொடி ஊர்ல எங்கம்மா அரைச்சுக் குடுத்தது, காரஞ் சாரமா இருக்கும். வேண்டாம் வேண்டாம்னாங்க. நான் வுடுவனா? ஒரு விள்ளல் பிச்சு வாயில வெச்சாங்க. வெச்ச ஒடனே மூஞ்சி செவந்து போச்சு. கண்ணுல தண்ணி பொலபொலன்னு ஊத்துது. பேச்சே வரலை, கையை மட்டும் ஆட்டறாங்க. எனக்கும் அழுகை வந்துருச்சுங்க. எத்தனை காலமாச்சோ பாவம், நாக்குக்கு ருசியா ஒண்ணு தின்னு.

அதுக்கப்பறம் அவங்க எம்முன்னால சாப்பிட்டதில்லை. டீயோட சேர்த்து அப்பறமாச் சாப்பிடறேன்னு சொல்லி, காகிதத்துல சுத்திக் கைப்பைக்குள்ள வெச்சுக்குவாங்க. கௌரவமான மனுசங்க இல்லீங்களா, அடுத்தவங்க முன்னால பசியைக் காட்டிக்குவாங்களா? நானும் சோறாக்கப் போகணும்னு நாலு மணிக்கெல்லாம் எந்திரிச்சிருவேன். நான் போனப்பறம் நிம்மதியாச் சாப்பிடட்டும்னு திரும்பிக்கூடப் பார்க்கமாட்டேன். மறுநாள் கேப்பேன், நல்லா இருந்துச்சுங்களான்னு. "ரொம்ப நல்லாப் போச்சு, ஒரு துணுக்குக்கூட மிச்சமில்லை"ம்பாங்க. அப்பறம் என்ன, ரெண்டு நாலாச்சு, நாலு ஆறாச்சு. தெனமும் ஆறு இட்டிலி தின்னும் அந்தம்மா ஒடம்புல ஒரு சதை ஏறலை. சில பேரு வாகு அப்படி.

தெனமும் ஊட்டுக்கு வாங்கன்னு கூப்பிடுவேன். வீதி பேரு, கதவு கலரு எல்லாஞ் சொல்லியிருந்தேன். ஒரு நாளைக்கு வர்றேன்னு சொல்லுவாங்க. நானும் ஞாயித்துக்கெழமைக்கு ஞாயித்துக்கெழமை பாயசம் வெச்சுப்போட்டுக் காத்திருப்பேன். கடைசில அதை நாங்களே குடிப்போம்.

பேரு மிசஸ் ஆல்டர்சன்னு தெரியறதுக்கே ஒரு மாசம் ஆச்சு. ஊட்டுக்காரர் போய்ச் சேர்ந்துட்டாராம். ரெண்டு பேரும் அந்த பெஞ்சுலதான் தெனமும் உட்காருவாங்களாம். அவர் உட்காரற எடம் எதுன்னு கேட்டேன். நான் உட்கார்ந்திருந்த எடத்தைக் கண்ணால காட்டினாங்க. எனக்கு என்ன தோணுச்சுன்னா, நல்லதாப் போச்சு, எடம் சும்மா கெடக்கலை பாருங்க.

அந்தப் பார்க்குல என்னை மொதல்ல புரிஞ்சுக்கிட்டது வாத்துங்கதாங்க. வாயில்லாச் சீவன்களுக்கு மனுசங்களோட மனசு தெரியும். நான் கேட்டுக்குள்ள காலு வெச்சாப் போதும், கொளத்துல இருக்கற அத்தனை வாத்தும் கரையேறி, கத்திக்கிட்டே எதுக்க வந்துரும். பெஞ்சு வரைக்கும் எம்பின்னால வரிசையா வரும். கல்யாணத்துக்குப் போற மாதிரி. வேற யாருக்காவது அப்படி வந்து நான் பார்த்ததில்லை. ஒரு வாய் நான் அதுங்களுக்குப் போட்டதில்லீங்க, சத்தியமா. மனுசங்க பசியா இருக்கறப்ப வாத்துக்கு எங்க போடறது? பார்க்கு மணியகாரர்கூட ஒரு நாள் என்னைப் பார்த்துத் தொப்பியை எடுத்துக் கும்புடு போட்டுச் சொன்னார், யார்க்சயர் முழுக்கத் தேடினாலும் இத்தனை கொழுத்த வாத்து கெடைக்காதுன்னு. அதை எதுக்கு எங்கிட்டச் சொன்னார்னு தெரியலை. அந்த ஊருக்காரங்களுக்கு வாத்துமேல அப்படியொரு பெருமை.

ஊட்டுக்காரருகிட்ட ராத்திரி எல்லாத்தையும் சொல்லுவேன். ஆளைச் சம்பாரிச்சாச்சு, டிக்கெட்டைத் திருப்பிக் குடுங்கன்னேன். கண்ணால பார்த்துட்டுச் சொல்றேன்னார். ஒரு ஞாயித்துக்கெழமை, பேண்டு வாசிக்கற நாளு, கூட்டிக்கிட்டுப் போனேன். அந்தம்மா எந்திரிச்சு நின்னு அவருக்குக் கை குடுத்தாங்க. சித்த நேரம் இருந்துட்டு, வழக்கம்போல பொட்டலத்தைக் குடுத்துப்போட்டுக் கெளம்பினோம். பார்க்கு கேட்டுக்கிட்ட வந்தப்பறந்தான், இட்டிலி கொண்டு போன டப்பாவோட மூடியைப் பெஞ்சுலயே வுட்டுட்டு வந்தது ஞாபகம் வந்துச்சு. நீ இரு, நான் எடுத்துக்கிட்டு வர்றேன்னு அவர் போனார்.

போனவரு வரவே இல்லை. எத்தனையோ நேரங் கழிச்சு வர்றார், மூடியும் இல்லை. கண்ணெல்லாம் செவந்து, கன்னத்துல தண்ணி. முதுகுல, கால்சட்டைல எல்லாம் புல்லு. என்னாச்சுங்கன்னு பதறிப்போய்க் கேட்டேன். பேச முடியாம வயித்தைப் புடிச்சுக்கிட்டு நிக்கறார். பேண்டு வாசிச்சது மனசை என்னமோ பண்ணிருச்சுன்னார். பேண்டு அப்பவே நின்னு போச்சுங்க.

ராத்திரி கேட்டேன், இப்ப என்ன சொல்றீங்கன்னு.  அவர் என் தலையைத் தடவிக் குடுத்தார். "இந்த ஊர்ல உன்னை நம்பி ஒரு பெரிய கூட்டமே இருக்குது மயிலா"ன்னார். எனக்கு எப்படி இருந்திருக்கும் பாருங்க. அப்ப டிக்கெட்டுன்னேன். அதுக்கு மட்டும் பதில் சொல்லாம, கூட்டம் இருக்குது, ஆளு வேணும், தேடி வர்ற ஆளுன்னு சொல்லிப்போட்டுத் திரும்பிப் படுத்துக்கிட்டார். ஆம்பளைங்களுக்கு எதையும் ஒத்துக்கவே மனசு வராது.

ஆவணி கடைசில நல்ல மழை. போகாதேன்னு அவர் சொன்னார். அந்தம்மா காத்திருப்பாங்களே, சோத்துக்கு என்ன பண்ணுவாங்கன்னு நான் போனேன். பெஞ்சுல யாரும் இல்லை. வருவாங்கன்னு நனைஞ்சுக்கிட்டே உட்கார்ந்திருந்தேன். வாத்துங்க மட்டும் சுத்தி நின்னுக்கிட்டுக் கத்துச்சு. ஊட்டுக்கு வந்தப்ப ஒடம்பு அனலாக் கொதிக்குது. படுத்தவ எந்திரிக்கலை.

நான் காய்ச்சலுக்கு அழுகலைங்க. அந்தம்மா பட்டினி கெடக்கறாங்களேன்னு அழுதேன். ரெண்டு இட்டிலி ஊத்திக் கொண்டு போய்க் குடுத்துட்டு வாங்கன்னு அவருகிட்டக் கெஞ்சினேன். அவங்க பட்டினி கெடக்கறாங்கன்னு உனக்கு எப்படித் தெரியும்னு கேட்டுப்போட்டு வாயை மூடிக்கிட்டார். அதுக்குள்ள கரூர்க்காரங்க சொல்லியனுப்பிச்சுட்டாங்க, சாமானத்தைக் கட்டி வையுங்கன்னு. இந்தப் பொட்டி, இதேதான், கட்டிலுக்கு அடியில இருந்து வெளிய வந்துருச்சு. எம்பட சீலையை அவரே மடிச்சு மடிச்சு உள்ள வெச்சார்.  நான் செவுத்துப் பக்கமாத் திரும்பிப் படுத்துக்கிட்டேன். போயே ஆகணும்னு ஆயிருச்சு, என்ன பண்றது. இத்தனை நாளு சோறு போட்டும் ஒரு ஆளுகூட என்னைத் தேடலை. அந்த வெசனத்தை என்னன்னு சொல்றது அம்மிணி.

அப்பக் கதவைத் தட்டற சத்தம்.

தொப்பி, கையொறை, கொடை. மச்சுப்படி ஏறின மேல்மூச்சு. மிசஸ் ஆல்டர்சன். உள்ள வரலாமா வேண்டாமான்னு வாசப்படிலயே நின்னாங்க. பொட்டியைப் பார்த்தாங்க, என்னைப் பார்த்தாங்க. அப்பறம் சீலிங்கைப் பார்த்துக்கிட்டு ஒண்ணு சொன்னாங்க. எனக்குக் காய்ச்சல்ல புரியலை, அவர்தான் எடுத்துச் சொன்னார்.

"வாத்தெல்லாம் உன்னைக் கேட்டுக்கிட்டே இருக்குதாம்."

சொல்லிப்போட்டு அவருக்குப் பொரையேறிருச்சு. எனக்கா, எந்திரிச்சு உட்காரப் பலம் வந்துருச்சு. பார்த்தீங்களா, அந்தச் சனங்க பேச்சை! எனக்கு உன்னைப் பார்க்காம இருக்க முடியலைன்னு சொல்ல வாய் வரலை. வெக்கம். பழியைத் தூக்கி வாத்துமேல போடறாங்க.

வந்து நாற்காலில உட்கார்ந்து, கைப்பைல இருந்து ஒரு காகிதப் பையை எடுத்து மேசைமேல வெச்சாங்க. உள்ள ரொட்டித் துண்டு. காஞ்சு போய், ஓரமெல்லாம் கருகி, கல்லு மாதிரி. அதைக் காட்டி வேகமா என்னென்னமோ சொன்னாங்க, நடுவால வாத்துங்கற வார்த்தை மட்டும் எங்காதுல வுழுந்துச்சு, இல்லைன்னு தலையை ஆட்டினாங்க. எனக்கு வார்த்தை எதுக்குங்க? காய்ச்சக்காரியப் பார்க்க வெறுங்கையோட வரக்கூடாதுன்னு, அந்தப் பஞ்சத்துலயும் ரொட்டியை வாயைக் கட்டி மிச்சம் புடிச்சுக் கொண்டாந்திருக்காங்க.  எடுத்துத் தின்னேன். அவங்க கையை நீட்டித் தடுக்க வந்தாங்க. குடுக்கறவங்க அப்படித்தான் கூச்சப்படுவாங்க, எனக்குத் தெரியாதா? பல்லே வுழுந்துரும் போல இருந்துச்சு, இருந்தாலும் ஒண்ணு வுடாம அத்தனையும் அவங்க கண்ணு முன்னாலயே தின்னு முடிச்சேன். நல்லா இருக்குதுன்னும் சொன்னேன்.

தொரசானி வாயைத் தெறந்தவங்க மூடலை. எங்க ஊட்டுக்காரர் அடுப்புப் பக்கம் திரும்பி நின்னுக்கிட்டார், தோளு ரெண்டும் குலுங்குது. சிரிக்கறாரா அழுகறாரான்னு எனக்குத் தெரியலை. இட்டிலி ஊத்துங்கன்னேன். ஊத்தினார். ஆவி பறக்க ரெண்டு இட்டிலி, தட்டுல வெச்சு அவங்க மடிக்கே கொண்டு போய்க் குடுத்தார்.

அந்தம்மா தட்டைப் பார்த்தாங்க. என்னைப் பார்த்தாங்க. அந்தக் காலிக் காகிதப் பையைப் பார்த்தாங்க. கொளத்துல குதிக்கப் போறவங்க மாதிரி ஒரு மூச்சு இழுத்து வுட்டு, ஒரு துண்டு எடுத்து வாயில வெச்சாங்க. மென்னாங்க. இன்னொரு துண்டு.

"ஓ, இது இப்படித்தான் இருக்குமா?"ன்னாங்க.

அதாவது சூடா இருந்தா எப்படி இருக்கும்னு அன்னிக்குத்தான் தெரிஞ்சிருக்குது. பாவம், பார்க்குல ஆறிப்போனதையே தின்னவங்க தானே. பொடி வேண்டாம்னு சக்கரை தொட்டுக்கிட்டு மூணு தின்னாங்க. தின்னு முடிச்சுக் கை தொடைச்சுக்கிட்டு, அந்த வாத்துங்க ஒண்ணும் முட்டாளில்லைன்னு சொன்னாங்க. சாப்பாடு நல்லா இருந்தா அங்க அப்படிச் சொல்லுவாங்க போல.

கெளம்பறப்ப வாசப்படில நின்னு கையொறையை மாட்டினாங்க. மாட்டினாங்க மாட்டினாங்க, மாட்டிக்கிட்டே இருந்தாங்க. அப்பறம் மெதுவா ஒண்ணு சொல்லிப்போட்டுப் படியெறங்கிட்டாங்க. என்ன சொன்னாங்கன்னு அவரைக் கேட்டேன்.  இப்பச் சிரிப்பெல்லாம் போயிருச்சு அவருக்கு.

"அந்தப் பெஞ்சு நெம்ப அகலமாப் போச்சாம் மயிலா."

அவ்வளவுதான். அவர் போய், மடிச்சு வெச்ச சீலையெல்லாம் ஒண்ணொண்ணா வெளிய எடுத்தார். பொட்டியைக் காலாலயே கட்டிலுக்கு அடியில தள்ளிப்போட்டார்.

அப்பறம் மூணு வருசம் அந்த ஊர்லயே இருந்தோம். மிசஸ் ஆல்டர்சன் வெள்ளிக்கெழமை தவறாம ஊட்டுக்கு வருவாங்க. பார்க்குலயும் அதுக்கப்பறம் கூச்சப்படாம எம்முன்னாலயே சாப்பிடுவாங்க. ஆனா பொட்டலம் ரெண்டாக் கேப்பாங்க, ஒண்ணு இப்பத்துக்கு, ஒண்ணு டீக்குன்னு. பசி எத்தனை நாளு பசி, அத்தனை சீக்கிரம் அடங்குமா?

எனக்கு ஒரே ஒரு கொறை அம்மிணி. எங்க ஊட்டுக்காரர் கடைசி வரைக்கும் திடீர் திடீர்னு தனியாச் சிரிப்பார். சோத்துல கை வெச்சுக்கிட்டுச் சிரிப்பார். பந்தில யாராவது இட்டிலி போட வந்தாச் சிரிப்பார். ஆசுபத்திரில படுத்திருந்தப்பக்கூட எம்மூஞ்சியப் பார்த்துச் சிரிச்சார். என்னங்கன்னா, வாத்தும்பார். வாத்துல என்னங்க சிரிப்பு இருக்குது? கேட்டுக் கேட்டுப் பார்த்தேன், சொல்லாமயே போய்ட்டார். எங்கிட்ட அவர் மறைச்சது அது ஒண்ணுதான். இப்ப மட்டும் எதுக்க வந்து நின்னார்னா, வேற எதையும் கேக்கமாட்டேன், அதைத்தான் கேப்பேன். ஊட்டுல இப்பக் கட்டிலும் நெம்ப அகலமாத்தான் கெடக்குது.

வண்டி வந்துருச்சுங்களா? ஆமா, இதேதான். பொட்டியைச் சித்தெ கைகுடுங்க கண்ணு. அட, எலை காலியா இருக்குது? நான் பேசிக்கிட்டு இருக்கறப்பவே ரெண்டையும் சாப்ட்டுப்போட்டீங்களா? பசியோடதான் இருந்திருக்கீங்க, எனக்குத் தெரியும். நல்லா இருந்துச்சுங்களா? ஒரு துணுக்குக்கூட வெக்கலை பாருங்க. இந்தாங்க, இன்னும் ரெண்டு இருக்குது, வண்டில ஏறிச் சாப்பிடுங்க.

அட, இந்த நாயைப் பாருங்களேன், பெஞ்சுக்கு அடியில இருந்து எந்திரிச்சு எம்பின்னாலயே வருது. வாலை ஆட்டறதைப் பாருங்க. தொரத்தாதீங்க அம்மிணி, வரட்டும். வாயில்லாச் சீவன்களுக்கு என்னமோ என்னைக் கண்டா அப்படியொரு பிரியம். அப்பறம் உங்களுக்கு சீட்டு எந்தப் பொட்டில? எனக்குப் பக்கத்துலயே உட்காருங்க.